பதினோரு பெட்டிகளில் போன ஓலை

ஆம்பூர்,
10.8.2007, வெள்ளிக்கிழமை, பிற்பகல் மூன்று மணி.

கிறிஸ்துவுக்குள் பிரியமான மாப்பிள்ளை ஜோவின் அவர்களுக்கு, உங்கள் வருங்கால மாமனார் சுந்தர்ராஜ் ஸ்தோத்திரத்துடன் எழுதுவது. ஆண்டவர் கிருபையால் நானும் என் மனைவி ஆக்னஸும் சுகம். மகள் ஜெனிஃபாவுக்கு வேலூர் ஆஸ்பத்திரியில் இந்த வாரம் பகல் நர்ஸ் டியூட்டி, அவளும் சுகம். பெங்களூரில் நீங்களும் தகப்பனார் டைட்டஸ் அவர்களும் தாயாரும் சுகமாக இருக்க ஜெபிக்கிறோம். கம்பெனியில் இருக்கும் பிரிண்டர்கள் இரண்டும் பரிபூரண சுகம். அவற்றுக்கு ஒரு தலைவலிகூட வந்ததில்லை. வந்ததெல்லாம் எனக்குத்தான்.

மரியாதை குறையாமல் எழுத வேண்டும் என்று ஆக்னஸ் சொல்லியிருக்கிறாள். "மாப்பிள்ளை ஆகப்போறவரு, வார்த்தையை அளந்து விடுங்க" என்றாள். அளந்துதான் எழுதுகிறேன். கையால் எழுதினால் கோபத்தில் பேனா தாளைக் கிழிக்கிறது என்பதால் ஆபீஸ் கம்ப்யூட்டரில் தட்டுகிறேன். எங்கேயாவது அளவு தப்பியிருந்தால் பெரியவன் என்று பொறுத்துக்கொள்ளவும்.

மே மாதம் நிச்சயதார்த்தம் முடிந்த மறுநாள் எங்கள் ஆபீசைப் பார்க்க வேண்டும் என்று நீங்களாகத்தான் வந்தீர்கள். நானா கூப்பிட்டேன்? ஷூவின் மேல்பாகமான அப்பர் தைக்கும் இந்தக் கம்பெனியில் முப்பத்தோரு வருஷமாக ஏற்றுமதிப் பேப்பர்களைப் பார்க்கிறேன். ஆபீஸ் மாடியில், பேக்கிங் ஹால் கீழே. பெட்டிகளில் ஒட்டும் லேபிளை மாடியில் டைப் அடித்து, பென் டிரைவில் ஏற்றி, இருபத்திரண்டு படி இறங்கி, கீழே உள்ள கம்ப்யூட்டரில் சொருகி, அங்கே ஸ்டிக்கர் தாளில் பிரிண்ட் எடுத்து, மறுபடியும் இருபத்திரண்டு படி ஏறுவேன். இதில் யாருக்கும் ஒரு குறையும் இருந்ததில்லை, என் முழங்காலைத் தவிர. நீங்கள் அதைப் பார்த்தீர்கள். "இன்னா அங்கிள், இந்தக் காலத்துல போய் இதைக் கையில எடுத்துட்டு ஏறி எறங்குறீங்க? ஒரு லைப்ரரி இருக்கு, புஸ்தக லைப்ரரி இல்ல, யாரோ ரெடிமேடா எழுதி வெச்ச கோடு. அதைச் சேர்த்து சின்னதா ஒரு ப்ரோகிராம் எழுதிக் குடுத்துட்றேன். நெட்வொர்க்ல யார் யார் இருக்காங்கன்னு அதுவே தேடிக் கண்டுபிடிச்சுக்கும். நீங்க ஒக்காந்த எடத்துலேர்ந்தே கீழ பிரிண்ட் எடுக்கலாம்" என்றீர்கள். மாமனாருக்கு உபகாரம் செய்ய ஒரு பையன் இவ்வளவு ஆசைப்படும்போது வேண்டாம் என்று எப்படிச் சொல்வது? சொல்லியிருக்க வேண்டும்.

அதுமட்டுமல்ல, எனக்குப் புரிகிற மாதிரி விளக்கம் வேறு சொன்னீர்கள். "நம்ம சர்ச்சுல கல்யாணத்துக்கு ஓலை படிக்கிற மாதிரிதான் அங்கிள். ஒரு மெஷின் உள்ள வந்ததும், இந்தப் பேர்ல நான் இருக்கப்போறேன், யாருக்காவது ஆட்சேபணை இருக்கான்னு மூணு வாட்டி கேக்கும். யாரும் வாயத் தொறக்கலைன்னா அந்தப் பேரு அதுக்கு. அப்புறம் எல்லாருக்கும் அறிவிச்சுரும்." இதைக் கேட்டு நான் அப்படியே பூரித்துப்போய்விட்டேன். மூன்று ஞாயிறு ஆயர் எழுந்து நின்று, இன்னாருக்கும் இன்னாருக்கும் விவாகம், தடை தெரிந்தவர்கள் சொல்லலாம் என்று சபையைக் கேட்பதை ஐம்பத்தேழு வருஷமாகக் கேட்டு வளர்ந்தவன் நான். மெஷினுக்குக்கூட இவ்வளவு ஒழுங்கா என்று வியந்து ஆக்னஸிடம் இரண்டு நாள் அதையே சொல்லிக்கொண்டிருந்தேன். அவள் இன்றுவரை அதைச் சொல்லிக் காட்டுகிறாள்.

பிறகு, இரண்டு பிரிண்டருக்கும் ஒவ்வொரு பெயர் வைக்கச் சொல்லிவிட்டு நீங்கள் டீ குடிக்கப் போனீர்கள். நான் வைத்தேன். எங்கள் கம்பெனியில் நாற்காலி முதல் பாத்ரூம் வாளி வரை எல்லாவற்றிலும் கம்பெனி பெயரை எழுதுவதுதான் வழக்கம். இல்லாவிட்டால் பொருள் வீடு போய்ச் சேர்ந்துவிடும். ஆகவே இரண்டுக்கும் கம்பெனி பெயரையே போட்டேன். திரையில் சின்னதாக ஒரு பெட்டி வந்து இங்கிலீஷில் ஏதோ கேட்டது. ஓகே என்று அமுக்கினேன். ஓகே என்று அமுக்காமல் அதனுடன் உட்கார்ந்து விவாதமா செய்ய முடியும்? இரண்டாவது பிரிண்டர் அதே பெயருக்குப் பக்கத்தில் ஒரு 2 போட்டுக்கொண்டது. மாடியில் இருப்பது வெறும் பெயர், கீழே இருப்பது 2. ஞாபகம் வைத்துக்கொள்ள வசதியாகத்தான் இருந்தது.

முதல் வாரம் சொர்க்கம். முழங்கால் வலி பாதி போய்விட்டது. இரண்டாவது வாரம் ஒருநாள் மதியம், பெட்டிக்கு ஒட்ட வேண்டிய சைஸ் லேபிள்கள் அத்தனையும் மாடியில், முதலாளியின் பெயர் அச்சடித்த லெட்டர் தாளில், எண்பது பக்கம் வந்து விழுந்தன. உங்களுக்கு ஃபோன் செய்தேன். மறுநாள் பார்க்கிறேன் என்றீர்கள். மறுநாள், "இப்போ பிரிண்ட் குடுங்க அங்கிள், சரியா வருதா?" என்றீர்கள். சரியாக வந்தது. "அப்போ ப்ராப்ளம் ஒண்ணும் இல்ல" என்று வைத்துவிட்டீர்கள். அடுத்த வாரம் முனிசிபாலிட்டிக்கு சாக்கடை விஷயமாக முதலாளி எழுதச் சொன்ன கடிதத்தைக் காணோம். தேடித் தேடிக் கடைசியில் கீழே ஒரு அட்டைப் பெட்டியின் பக்கவாட்டில் ஒட்டியிருந்தது. உங்களுக்கு ஃபோன். மறுநாள் பார்க்கிறீர்கள். மறுநாள் எல்லாம் சரி. அதற்கடுத்த வாரமும் அப்படியே. மாப்பிள்ளை, நான் ஃபோன் செய்யும்போது மட்டும் நோய் இருக்கிறது, நீங்கள் கேட்கும்போது நோய் இல்லை. கொஞ்ச நாளில் எனக்கே என் புத்தியில் சந்தேகம் வந்துவிட்டது.

"பெட்டியில் போய் அந்தக் கடிதத்தை ஏன் ஒட்டினார்கள்?" என்று நீங்கள் கேட்கலாம். கேட்காமல் இருந்தால் நல்லது, ஆனாலும் சொல்லிவிடுகிறேன். ஒன்பது வருஷத்துக்கு முன்னால் பேக்கிங் ஹாலில் ஒரு பெண் லேபிளைப் பார்த்து, இந்த சைஸ் தப்பாக இருக்குமே என்று தானாக யோசித்து மாற்றி ஒட்டி, அறுநூறு ஜோடி திரும்பி வந்தது. அன்றைக்கு நான்தான் சுவரில் ஒரு நோட்டீஸ் ஒட்டினேன். "அச்சில் வந்ததை அப்படியே ஒட்டவும். யோசிக்க வேண்டாம். இப்படிக்கு, சுந்தர்ராஜ்." அதை அவர்கள் இன்றுவரை வேதவாக்காகக் காப்பாற்றி வருகிறார்கள். அதற்காக அவர்களை நான் எப்படித் திட்டுவது?

தினசரிக் காலண்டரில் பென்சிலால் குறித்துக்கொண்டே வந்தேன். தொந்தரவு வந்த நாட்கள் அத்தனையும் வெள்ளிக்கிழமை. அதுவும் மதியத்துக்கு மேல்தான். இதை நான் கண்டுபிடித்தேன், உங்கள் லைப்ரரி கண்டுபிடிக்கவில்லை. வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுகைக்கு முதலாளி, மேஸ்திரி, பாதி ஆட்கள் எல்லாரும் பள்ளிவாசலுக்குப் போவார்கள். தின்னர், லாக்கர் என்று சட்டென்று தீப்பிடிக்கிற சாமான் எல்லாம் இருக்கிற இடம் என்பதால் ஆள் இல்லாத நேரத்தில் கரண்ட் இருக்கக் கூடாது. எலக்ட்ரீஷியன் கலீமுல்லா மெயின் ஸ்விட்சை இழுத்துவிட்டுத்தான் தொழுகைக்குக் கிளம்புவார். திரும்பி வரும்போது பின்வாசல் வழியாக வருவார். பின்வாசல் பக்கம் இருப்பது பேக்கிங் ஹால். ஆகவே அந்த லைனை முதலில் போடுவார். பிறகு ஒரு பீடி. பிறகு ஆபீஸ் லைன். மற்ற நாட்களில் காலையில் திறப்பது ஆபீஸ்தான், அதனால் மாடி பிரிண்டர் முதலில் விழிக்கும். வெள்ளி மதியம் மட்டும் கீழே இருப்பது முதலில் விழித்து, இந்தப் பெயரில் யாராவது இருக்கிறீர்களா என்று மூன்று தரம் கேட்கிறது. மாடியில் இருப்பது தூங்குகிறது, எப்படி ஆட்சேபிக்கும்? பெயர் கீழே போய்விட்டது. மாடி பிரிண்டர் எழுந்து பார்த்தால் தன் பெயரில் வேறொருவர் குடும்பமே நடத்துகிறார். வேறு வழியில்லாமல் 2 போட்டுக்கொள்கிறது. உங்கள் லைப்ரரிக்கு முகம் தெரியாது, பெயர் மட்டும்தான் தெரியும். ஆகவே என் காகிதம் எல்லாம் கீழே, கீழே போக வேண்டியதெல்லாம் மேலே.

கலீமுல்லாவிடம் சொன்னேன். "இது இன்னா சார் பேஜாரு, ஸ்விட்ச்சு போட்றதுலகூட முன்ன பின்ன இருக்குதா?" என்று சிரித்தார். உங்களிடம் சொன்னேன். நீங்கள் அதைவிடப் பெரிய விளக்கம் கொடுத்தீர்கள். "மெயினை இழுத்துட்றது தப்பு அங்கிள். ஒரு மெஷின் கெளம்பும்போது, போய்ட்டு வர்றேன்னு எல்லார்கிட்டயும் சொல்லிட்டுக் கெளம்பணும். சொல்லாம போய்ட்டா, மத்ததெல்லாம் அது இங்கயேதான் இருக்குன்னு நெனச்சு கொஞ்ச நேரம் தேடிட்டே இருக்கும்." நல்ல பழக்கம்தான். நம் வீட்டுப் பிள்ளைகளுக்கும் அதைத்தான் சொல்லி வளர்க்கிறோம். ஆனால் நான் கேட்டது ஒழுக்கப் பாடமல்ல, லேபிள்.

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். கல்யாணம் இந்த மாதம் 29ஆம் தேதி. ஓலை 5, 12, 19 தேதிகளில் வாசிக்க வேண்டும் என்று பேச்சு. அதற்கான விண்ணப்பத்தை நானே இங்கிலீஷில் அழகாக டைப் அடித்தேன். மணமகன், மணமகள் பெயர், பெற்றோர் பெயர், இவர்கள் விவாகத்துக்கு நியாயமான தடை யாருக்காவது தெரிந்தால் தெரிவிக்கவும் என்று கீழே ஒரு வரி. போன வெள்ளி, 3ஆம் தேதி, எல்லாரும் ஜும்மாவிலிருந்து திரும்பிக்கொண்டிருந்த நேரம், ஆபீசில் யாரும் இல்லை, சொந்த வேலைக்கு நல்ல சமயம் என்று பிரிண்ட் கொடுத்தேன். வெள்ளிக்கிழமை என்பதே மறந்துபோனது. ஒரே பெண்ணின் பெயரை அந்தத் தாளில் பார்த்ததும் எனக்கு எதுவும் ஞாபகம் இல்லை, அதுதான் உண்மை. தாள் வரவில்லை. மறுபடி கொடுத்தேன். வரவில்லை. இப்படியே பன்னிரண்டு தடவை. அப்புறம்தான் கிழமை உறைத்தது. இருபத்திரண்டு படியும் ஓடி இறங்கினேன். ஹால் பெருக்கிச் சுத்தமாக இருந்தது. ஜெர்மனிக்கு விமானத்தில் போகிற அவசர ஆர்டர் அப்போதுதான் லாரி ஏறிப் போயிருந்தது. ஒரு தாள்கூட இல்லை. சூப்பர்வைசர் அக்தர் பானுவும் லாரிகூட கேட் வரை போயிருந்தாள்.

அன்றைக்கே வீட்டில் சொல்லிவிட்டேன். இந்த லைப்ரரியை ஜோவின் வந்து எடுக்கிற வரைக்கும் ஓலை கொடுக்கப்போவதில்லை, இது என் தீர்மானம் என்றேன். ஆக்னஸ் கறிவேப்பிலை ஆய்ந்துகொண்டிருந்தாள். ஞாயிற்றுக்கிழமை நான் ஆலயத்துக்கும் போகவில்லை. உடம்பு வலி என்று சொல்லித் துண்டைப் போர்த்திப் படுத்துவிட்டேன். என் மகளுக்கு ஓலை வாசிக்க வேண்டிய நாளில் வாசிக்காத ஓலையைக் கேட்க நான் ஏன் போக வேண்டும்? ஆக்னஸும் ஜெனிஃபாவும் மட்டும் போய் வந்தார்கள். என்ன விசேஷம் என்று கேட்டேன். "விசேஷம் ஒண்ணும் இல்ல. யாரோ ஒரு பொண்ணுக்கு ஓலை படிச்சாங்க" என்றாள் ஆக்னஸ். ஊரில் உள்ள பெண்களுக்கெல்லாம் ஓலை வாசிக்கிறார்கள், என் பெண்ணுக்கு இல்லை. அன்று மத்தியானம் எனக்குச் சோறு இறங்கவில்லை.

நேற்று வியாழக்கிழமை முதலாளி அப்துல் ஹமீத் சாகிப் தன் அறைக்குக் கூப்பிட்டார். மேஜைமேல் ஜெர்மன் பார்ட்டியின் ஈமெயில். அதனுடன் போட்டோக்கள். பதினோரு பெட்டிகள், பதினொன்றின் பக்கவாட்டிலும் ஸ்டிக்கர் தாளில் உங்கள் பெயரும் என் மகள் பெயரும். சுருக்கம் விழாமல், மூலை மடங்காமல், என் நோட்டீஸில் உள்ளபடி ஒட்டியிருந்தார்கள். கிளியரிங் ஏஜென்ட்டின் ஆள் ஒவ்வொன்றிலும் சரிபார்த்ததாக டிக் வேறு போட்டிருக்கிறான். முதலாளி மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, மேனேஜர், மேஸ்திரி, கணக்குப்பிள்ளை எல்லாரும் நிற்கும்போதே சத்தமாகத் தமிழில் சொன்னார்: "எங்க தரப்புல இந்தக் கல்யாணத்துக்கு ஆட்சேபணை ஒண்ணும் இல்ல, பொண்ணு மாப்பிள்ளைக்கு வாழ்த்துன்னு எழுதியிருக்கான். ஆனா மூணாவது பெட்டில நாப்பத்திரண்டாம் சைஸ் எடது கால் அப்பர் ஆறு கம்மியாம். அதுக்கு ஆட்சேபணை இருக்காம்." எல்லாரும் சிரித்தார்கள். முதலாளி கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். பிறகு, "இன்னா சுந்தர்ராஜு, ஜெர்மனிக்காரனுக்கு முன்னாடி எனக்குச் சொல்லணும்னு உங்களுக்குத் தோணலையே" என்றார். முப்பத்தோரு வருஷத்தில் என் பேப்பரில் ஒரு புள்ளி தப்பியதில்லை, மாப்பிள்ளை. அங்கே நின்றபோது எனக்கு அழுகையே வந்துவிட்டது.

இன்னொன்று. நான் கொடுத்தது பன்னிரண்டு. ஜெர்மனியில் இருப்பது பதினொன்று. மிச்சம் ஒன்று எந்த ஊர்ப் பெட்டியில் எந்தக் கப்பலில் போகிறதோ தெரியவில்லை.

ஆகையால் தீர்மானமாகச் சொல்கிறேன். இனி மிச்சம் 12, 19, 26 என்று மூன்றே ஞாயிறுகள். நாளை சனிக்கிழமை மாலைக்குள் ஓலை ஆயர் கைக்குப் போனால்தான் 29 நிற்கும். இல்லாவிட்டால் தேதி போகும், மண்டபம் போகும். பெங்களூர் போகிற எங்கள் லாரி ஐந்து மணிக்குக் கிளம்புகிறது, டிரைவர் கையில் இந்தக் கடிதத்தைக் கொடுக்கிறேன், நாளைக் காலை உங்களுக்குச் சேரும். பகல் ரயிலைப் பிடித்து வந்து, இந்த லைப்ரரியை வேரோடு எடுத்துவிட்டு, என் பென் டிரைவை என் கையில் கொடுங்கள். அதன் பிறகுதான் ஓலை. வராவிட்டால், மூன்று முறை கேட்பார்களே, யாருக்காவது ஆட்சேபணை உண்டா என்று, அப்போது சபையில் எழுந்து நிற்கப்போகிற ஆள் பெண்ணைப் பெற்றவனாகத்தான் இருப்பான். ஜெனிஃபா அழுதாலும் சரி.

இன்று வெள்ளிக்கிழமை என்பது எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. ஆகவே இந்தக் கடிதத்தை, வெறும் பெயருக்கு அனுப்பாமல், பக்கத்தில் 2 இருக்கும் பெயருக்கு அனுப்புகிறேன். வெள்ளி மதியம் 2 என்றால் அது மாடி. என்னை ஒரு மெஷின் ஒருதரம் ஏமாற்றலாம், தினமும் ஏமாற்ற முடியாது.

தகப்பனாருக்கும் தாயாருக்கும் என் வணக்கமும் ஸ்தோத்திரமும். உங்கள் போக்குவரத்தையும் கையிட்டுச் செய்யும் வேலைகளையும் (எங்கள் கம்பெனியில் செய்தது நீங்கலாக) கர்த்தர் ஆசீர்வதிப்பாராக.

இப்படிக்கு,
சு. சுந்தர்ராஜ்

பின்குறிப்பு (பேனாவில்): மணி நாலே முக்கால். கடிதம் மாடியில் வரவில்லை. என்மேல் பரிதாபப்பட்டு கலீமுல்லா இன்றைக்கு யாருக்கும் சொல்லாமல் முன்வாசல் வழியாகச் சுற்றி வந்து ஆபீஸ் லைனை முதலில் போட்டிருக்கிறார், 2 கீழேயே இருந்துவிட்டது. அவர் ஒரு பக்கம் திருத்த, நான் ஒரு பக்கம் திருத்த, கடிதம் முழுவதும் பேக்கிங் ஹாலில், ஸ்டிக்கர் தாளில் வந்துவிட்டது. அதனால்தான் தாள் இப்படித் தடிமனாக இருக்கிறது, பின்பக்கத்தை உரித்துவிடாதீர்கள்.

அக்தர் பானு எல்லாப் பக்கத்தையும் அடுக்கிக்கொண்டு மாடி ஏறி வந்தாள். "மாப் பண்ணுங்க சார், ஒட்டத்தான் எடுத்தேன். ஜெனிஃபா பேரைப் பாத்ததும் படிச்சுட்டேன்" என்றாள். பிறகு நின்றுகொண்டே இருந்தாள். "போன வாரமும் அப்டித்தான் சார். பதினொண்ணு ஒட்டி லாரில ஏத்திட்டாங்க. பன்னண்டாவது என் கைக்கு வந்தப்போதான் பேரைப் பாத்தேன். என் கையில தையல் போட்டப்போ பக்கத்துல நின்னு என்னைப் புடிச்சுக்கிட்ட பொண்ணாச்சே. சனிக்கெழமை காலைல மார்க்கெட்டுல ஆக்னஸ் அக்காவைப் பாத்து குடுத்துட்டேன்." ஏன் என்னிடம் கொடுக்கவில்லை என்று கேட்டேன். "ஜாஸ்தி யோசிக்கக் கூடாதுன்னு நீங்கதானே சார் எழுதி வெச்சிருக்கீங்க" என்றாள்.

வீட்டுக்கு ஃபோன் செய்தேன். ஆக்னஸ் கொஞ்சமும் அலட்டிக்கொள்ளவில்லை. அந்த ஸ்டிக்கரை ஒரு வெள்ளைத் தாளில் ஒட்டி, பெற்றோர் என்ற இடத்தில் தானே கையெழுத்துப் போட்டு, சனிக்கிழமையே ஆயரிடம் கொடுத்திருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை ஓலை வாசித்த அந்த யாரோ ஒரு பெண் ஜெனிஃபாதான். உங்கள் சபையிலும் அன்றே வாசித்தார்களாம், உங்களிடம் பேசியும் ஆயிற்றாம். அதாவது இந்தக் கடிதத்தில் மிரட்டல் என்று நான் எழுதிய எதுவும் மிரட்டல் அல்ல. ஆட்சேபணை உண்டா என்று ஆயர் கேட்டபோது, ஆட்சேபிக்க இருந்த ஒரே ஆள் வீட்டில் துண்டைப் போர்த்திப் படுத்திருந்தான்.

நீங்கள் ரயில் ஏற வேண்டாம். லைப்ரரி இருக்கட்டும். அக்தர் பானு பக்கத்தில் நிற்க, பிரிண்டர்களுக்கு "மாடி", "கீழ்" என்று நானே பெயர் மாற்றிவிட்டேன். ஒரு நிமிஷம்தான் ஆனது. மூன்று முறை கேட்டிருக்கும், யாரும் ஒன்றும் சொல்லவில்லை. நாளை மறுநாளும் 19ஆம் தேதியும் நான் முதல் வரிசையில் உட்காருவேன். வாயைத் திறக்க மாட்டேன்.

ஒன்றே ஒன்று. 29ஆம் தேதி சாயங்காலம் ஜெனிஃபாவை அழைத்துக்கொண்டு கிளம்பும்போது அவசரப்படுத்தாதீர்கள். என்னிடம் வந்து, போய்ட்டு வர்றேன் என்று சொல்லிவிட்டுக் கிளம்பட்டும். சொல்லாமல் போனால், அவள் இங்கேயேதான் இருக்கிறாள் என்று நினைத்து நானும் ஆக்னஸும் கொஞ்ச நாள் தேடிக்கொண்டே இருப்போம்.